பதினைந்து ஆம்பியர் நீலம்

தையற்காரரின் மனைவி காருக்குள் மூச்சு முட்டி இறந்து எட்டு மாதம் ஆன பிறகு, அந்தச் சாவுக்குக் காரணம் தையற்காரர் இல்லை என்பது ஒரே ஒரு ஆளுக்குத் தெரியவந்தது. அதுவரை மூன்று பேர் அவர்தான் காரணம் என்று நம்பியிருந்தார்கள். மகள் நம்பினாள், மைத்துனர் நம்பினார், எல்லாரையும்விட அழுத்தமாகத் தையற்காரர் நம்பினார்.

உண்மை தெரிந்தவர் கார்களுக்கு மின்வேலை பார்க்கும் எலக்ட்ரீஷியன். பட்டறையில் அவரை டெஸ்டர் என்றுதான் கூப்பிடுவார்கள். நாற்பத்தாறு வயது. ஒல்லி. சட்டைப் பையில் எப்போதும், மின்சாரம் வருகிறதா என்று பார்க்கும் ஒரு டெஸ்ட் லாம்ப் இருக்கும். ஒரு முனையில் ஊசி, இன்னொரு முனையில் கிளிப், நடுவில் பிடிக்குள் ஒரு சின்ன பல்பு.

"இவன் வீட்ல ஃபேன் சுத்துதான்னு அண்ணாந்து பார்க்கமாட்டான். லாம்பை வச்சுத்தான் பார்ப்பான்" என்பார் பட்டறை முதலாளியான மெக்கானிக்.

"கண்ணு பொய் சொல்லும்ணே. லாம்ப் சொல்லாது."

"அப்போ உன் பொண்டாட்டி கோவமா இருக்காளான்னும் அதை வச்சுப் பார்த்துட்டே வீட்டுக்குள்ள போ."

டெஸ்டர் இந்த வேலையை எந்தப் பள்ளிக்கூடத்திலும் படிக்கவில்லை. கழித்துப் போட்ட கார்களின் வயர்க்கட்டுகளைத் தரையில் பிரித்துப் போட்டு, எந்த நிறம் எங்கே போகிறது என்று தானாகவே கற்றுக்கொண்டார். அதனாலோ என்னவோ, அவருக்கு அவசரம் வராது. ஒரு கார் வந்தால் முதலில் எதையும் திறக்கமாட்டார். ஓட்டிவந்தவரை நிறுத்தி, எது வேலை செய்யவில்லை என்று கேட்பார். பிறகு எதெல்லாம் வேலை செய்கிறது என்று கேட்பார். இரண்டாவது கேள்விக்குத்தான் அதிக நேரம் எடுத்துக்கொள்வார். பிறகு ஓட்டுநரின் முழங்காலுக்கு மேலே டேஷ்போர்டுக்கு அடியில் இருக்கும் ஃப்யூஸ் பெட்டியையும், பானெட்டுக்குள் பேட்டரி ஓரமாக இருக்கும் இன்னொரு பெட்டியையும் திறந்து, மூடியின் உள்பக்கத்தில் ஒட்டியிருக்கும் படத்தைப் பார்ப்பார். நூறு முறை பார்த்த படமாக இருந்தாலும் நூற்றோராவது முறையும் பார்ப்பார்.

மற்றவர்கள் செய்வதுபோல ஃப்யூஸ்களை ஒவ்வொன்றாகப் பிடுங்கி வெளிச்சத்தில் தூக்கிப் பார்ப்பது அவருக்குப் பிடிக்காது. பிடுங்கியது இடம் மாறிப்போகும் என்பார். சாவியைத் திருப்பி வைத்துவிட்டு, லாம்பின் கிளிப்பை வண்டியின் வெறும் இரும்பில் கவ்வவிட்டு, ஊசியை ஃப்யூஸின் தலையில் தெரியும் இரண்டு பொட்டுகளிலும் மாறி மாறி வைப்பார். இரண்டிலும் பல்பு எரிந்தால் ஃப்யூஸ் நல்லது. ஒன்றில் எரிந்து மற்றதில் எரியாவிட்டால் ஃப்யூஸ் போய்விட்டது. இரண்டிலுமே எரியாவிட்டால் கோளாறு அதற்கும் முன்னால் இருக்கிறது, ஃப்யூஸைக் குறை சொல்லிப் பயனில்லை. போன ஃப்யூஸை எடுத்தாலும் உடனே புதியதைப் போடமாட்டார். அது ஏன் போனது என்று தெரியவேண்டும். வயர் எங்கோ உரசியிருக்கும், தண்ணீர் இறங்கியிருக்கும். அதைக் கண்டுபிடித்துச் சரிசெய்த பிறகுதான் புதியது. அதுவும் அதே நிறத்தில். பத்துக்குச் சிவப்பு, பதினைந்துக்கு நீலம், இருபதுக்கு மஞ்சள், முப்பதுக்குப் பச்சை. நீலம் இருந்த இடத்தில் மஞ்சளைக் குத்துகிறவனை அவர் மனிதனாகவே மதிப்பதில்லை.

அந்த ஒழுங்கில்தான் எல்லாம் நடந்தது.

அன்று மத்தியானம் மெக்கானிக் ஒரு கேஸ்கட் வாங்க வெளியூர் போயிருந்தார். தையற்காரரின் சாம்பல் நிறக் காரை அவருடைய மைத்துனர் இரண்டு தெரு தூரத்திலிருந்து வழிப்போக்கர்களைப் பிடித்துத் தள்ளிக்கொண்டு வந்தார். மைத்துனர் ஒரு லாரி புக்கிங் ஆபீசில் குமாஸ்தா. ஏதோ சாமான் ஏற்றுவதற்காக அக்காள் வீட்டுக் காரை அரை நாளுக்கு இரவல் வாங்கியிருந்தார்.

டாங்கியிலிருந்து பெட்ரோலை ஏற்றும் பம்பின் ஃப்யூஸ் போயிருந்தது. டெஸ்டர் பின் சீட்டைத் தூக்கி, பம்புக்குப் போகும் வயர் இரும்பு விளிம்பில் உரசித் தோல் கிழிந்திருந்த இடத்தைக் கண்டுபிடித்து, டேப் சுற்றி, கிளிப் போட்டு விலக்கிக் கட்டினார். அதற்கே முக்கால் மணி நேரம் ஆனது. பிறகு தகர டப்பாவைத் திறந்தால் நீலம் ஒன்றுகூட இல்லை.

"அண்ணே, பதினஞ்சு தீர்ந்துபோச்சு. சாமான் கடையும் இன்னிக்கு லீவு."

"மஞ்சள் கலர்ல அத்தனை கிடக்கே. அதுல ஒண்ணைக் குத்துப்பா. ஓடினா சரி."

"அது இருபதுண்ணே. பதினஞ்சு இருக்க வேண்டிய இடத்துல இருபது போட்டா, அடுத்த தடவை ஃப்யூஸ் போகாது, வயர் எரியும். இது நேரா பெட்ரோல் டாங்கிக்குப் போற வயர்."

"ஐயையோ, வேணாம் சாமி. நான் எரிஞ்சா பரவாயில்ல, வண்டி எரிஞ்சா மச்சான் என்னைக் கொன்னுடுவாரு."

டெஸ்டர் மூடியின் உள்பக்கப் படத்தைப் பார்த்தார். இரண்டாவது வரிசையில் மூன்றாவது இடம், பதினைந்து ஆம்பியர், பக்கத்தில் ஒரு சிகரெட் படம். கியர் கம்பிக்கு முன்னால் இருக்கும் சிகரெட் லைட்டர் ஓட்டைக்கான ஃப்யூஸ் அது. ஆபத்துக்கு அதை உருவி வேறு இடத்தில் போடுவது எல்லாப் பட்டறையிலும் இருக்கும் வழக்கம். வண்டி ஓடுவதற்கு அது வேண்டாம், நிற்பதற்கும் வேண்டாம்.

"லைட்டரோடது நீலம்தான். அதை எடுத்து இங்க போட்டுடறேன். நாளைக்கு வண்டியை ஒரு எட்டு கொண்டுவாங்க, அந்த இடத்துக்குப் புதுசு போட்டுத் தரேன். அதுவரைக்கும் அந்த ஓட்டையில கரண்ட் வராது. வீட்ல சொல்லிடுங்க."

"எங்க வீட்ல எவன் சிகரெட் பிடிக்கிறான்? மச்சான் டீக்கடையில எதிர்ல ஒருத்தன் பத்தவச்சாலே எழுந்து வீட்டுக்குப் போயிடுவாரு. நீ எடு ராசா."

டெஸ்டர் எடுத்தார். போட்டார். கார் முதல் திருப்பிலேயே கிளம்பியது.

எதிரில் யாராவது புகைத்தால் தையற்காரர் எழுந்து போவது ஏன் என்று மைத்துனருக்கு அந்த நேரத்தில் தோன்றவில்லை. அவருடைய அக்காளுக்கு நுரையீரல் கெட்டு மூன்று வருடம் ஆகியிருந்தது. மூக்குக் குழாய் மாட்டிய ஆக்சிஜன் மெஷின் இல்லாமல் அவளால் மாடிப்படிகூட இறங்க முடியாது. மாதம் ஒருமுறை, இரண்டு மணி நேரப் பயணத்தில் இருக்கும் பெரிய ஆஸ்பத்திரிக்குத் தையற்காரரும் மகளும் அவளைக் காரில் அழைத்துப் போவார்கள். வழி நெடுக அந்த மெஷினுக்கு மின்சாரம் கொடுத்தது லைட்டர் ஓட்டைதான். அந்தப் பயணத்தில் மைத்துனர் ஒருமுறைகூடப் போனதில்லை.

மறுநாள் அவர் காரைக் கொண்டுவரவில்லை. சாமான் இறக்கிய களைப்பில் மறந்துபோனார். டெஸ்டர் மறக்கவில்லை. புதிதாக வாங்கிய நீல ஃப்யூஸ்களில் ஒன்றைத் தனியாகச் சட்டைப் பையில் போட்டு வைத்திருந்தார். இரண்டு நாள் அது பையில் இருந்தது. மூன்றாம் நாள் வேறொரு காருக்கு அவசரமாக வேண்டியிருந்தது. அத்தோடு அவரும் மறந்தார்.

ஒன்பதாம் நாள் ஆஸ்பத்திரிக்குப் போகும் நாள். தையற்காரர் வழக்கம்போல மெஷினின் ப்ளக்கை ஓட்டையில் கட்டைவிரலால் அழுத்திச் சொருகினார். மெஷின் துணிப்பைக்குள் பின் சீட்டில் இருந்தது. வெளியே தெரிந்தது குழாய் மட்டும்தான். கார்தான் மின்சாரம் கொடுக்குமே என்று மெஷினின் பேட்டரியை அவர் முழுதாக ஏற்றிவைக்கவில்லை. எந்த மாதமும் வைத்ததில்லை. பாதி வழியில், ஒற்றைப் பாலத்தின் மேல் ஒரு சரக்கு லாரி சாய்ந்து கிடந்தது. முன்னாலும் பின்னாலும் வண்டிகள். பேட்டரி தீரப்போகிறது என்று மெஷின் கூவ ஆரம்பித்தது. தையற்காரர் ப்ளக்கைப் பிடுங்கிச் சொருகினார், மறுபடி பிடுங்கிச் சொருகினார், துடைத்துச் சொருகினார். மகள் அம்மாவின் முதுகைத் தடவிக்கொண்டே இருந்தாள். வழி திறந்தபோது அவசரமாகப் போகவேண்டிய தேவை அவர்களுக்கு இல்லாமல் போயிருந்தது.

மெஷின் விற்ற கடைக்காரர் அதைக் கொண்டுபோய் இரண்டு நாள் ஓட்டிப் பார்த்துவிட்டு, அதில் ஒரு குறையும் இல்லை என்று திருப்பிக் கொடுத்தார். அன்று மகள் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள்.

"அப்பா, ப்ளக்கைச் சரியாச் சொருகினீங்களா?"

அவர் தம் கட்டைவிரலைப் பார்த்தார். சரியாகச் சொருகியிருந்தால் மெஷின் ஓடியிருக்கும். ஓடவில்லை என்றால் சொருகவில்லை என்றுதானே அர்த்தம். அவள் கணக்கு டீச்சர். இரண்டாவது முறை கேட்கவேண்டிய அவசியம் அவளுக்கு இல்லை. அதற்குப் பிறகு சாப்பாட்டை மூடிவைத்துவிட்டு வேலைக்குப் போவாள், வந்து பாத்திரத்தைக் கழுவுவாள். பேச்சு இல்லை.

மைத்துனர் மட்டும் ஞாயிறு தவறாமல் வந்தார். தையற்கடைக்கு மேலே இருந்த அந்த இரண்டு அறை வீட்டில், அவர் வரும்போதுதான் மனிதக் குரல் கேட்டது. "விடுங்க மச்சான். நீங்க என்ன வேணும்னா செஞ்சீங்க? வயசாகுது, கை நடுங்குது. எங்க அக்கா உங்களைத் தப்பா நெனைக்கமாட்டா" என்பார். அவர் மன்னித்துப் பேசும்போதெல்லாம் தையற்காரரின் வலது கட்டைவிரல் காற்றில் எதையோ அழுத்திக்கொண்டிருக்கும். துணி வெட்டும்போதும் அந்த விரல் அப்படியே போகும். இரண்டு சட்டைகளின் கைப்பட்டி அளவு தப்பிய பிறகு, வழக்கமாக வருகிறவர்கள் வேறு கடைக்குப் போக ஆரம்பித்தார்கள்.

எட்டு மாதம் கழித்துக் காரை விற்றுவிடலாம் என்று தையற்காரர் முடிவு செய்தார். வாங்க வந்தவர் ஹாரன் அடிக்கவில்லை என்றார். கார் பட்டறைக்கு வந்தது.

டெஸ்டர் டேஷ்போர்டுக்குக் கீழே குனிந்து மூடியைக் கழற்றினார். ஹாரன் ஃப்யூஸைத் தொடுவதற்கு முன்பே, இரண்டாவது வரிசையில் மூன்றாவது இடம் காலியாக இருப்பது கண்ணில் பட்டது. எந்த முட்டாள் எடுத்தான் என்றுதான் முதலில் நினைத்தார். மூடியின் படத்தைப் பார்த்தார். சிகரெட். பிறகு மெதுவாக, பின் சீட்டைத் தூக்கிப் பம்பு வயரைப் பார்த்தார். டேப் அவர் சுற்றியது. கிளிப் அவர் போட்டது.

தையற்காரர் மனைவி இறந்த விதம் அந்தத் தெருவுக்கே தெரியும். மெஷின் காரில் ஓடவில்லை என்பதும் தெரியும். டெஸ்டர் பின் சீட்டின் விளிம்பில் உட்கார்ந்தார். ஹாரன் வேலையை எப்போது முடித்தார், முடித்தாரா என்பதே அவருக்கு ஞாபகம் இல்லை.

மெக்கானிக் வந்து பார்த்தபோது அவர் அங்கேயேதான் இருந்தார். நடந்ததையெல்லாம் டெஸ்டர் சொன்னார். மெக்கானிக் சொல்லியிருக்கக் கூடாத ஒன்றைச் சொன்னார்.

"மஞ்சளையே போட்டிருக்கலாமேய்யா."

"ஆமா."

"வேற எவனா இருந்தாலும் மஞ்சளைக் குத்தி அனுப்பியிருப்பான். அந்தம்மா இன்னிக்கு உசுரோட இருந்திருக்கும்."

"ஆமாண்ணே. நானும் அதைத்தான் நெனச்சுட்டிருக்கேன்."

மெக்கானிக் அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். "யாருக்குத் தெரியும் இது? ஒரு நீலத்தை எடுத்துக் குத்து. மூடியை மாட்டு. வண்டி வேற ஊருக்குப் போகப்போகுது."

"அந்த மனுசன் கட்டைவிரலைப் பார்த்திருக்கீங்களா?"

மெக்கானிக் பார்த்திருந்தார். "சரி, சொல்லு. ஆனா ஒண்ணு. மைத்துனன் பேரை இழுக்காதே. ஃப்யூஸை நீ எடுத்தே, போட மறந்தே, அத்தோட நிறுத்திக்கோ. அவன் சொந்த அக்கா. தாங்கமாட்டான்."

"அவர் பேரை எடுக்கமாட்டேன்."

மறுநாள் காலை தையற்கடையில் வேறு ஆள் இல்லை. டெஸ்டர் நின்றுகொண்டே சொன்னார். பம்பு, வயர், நீலம் தீர்ந்தது, லைட்டர் ஃப்யூஸை எடுத்தது, போட மறந்தது, எல்லாவற்றையும் வரிசை மாறாமல் சொன்னார். தையற்காரர் கத்தரிக்கோலைத் துணியின் மேல் வைத்தார்.

"காட்டு."

இருவரும் பட்டறையில் நின்ற காருக்குப் போனார்கள். டெஸ்டர் ஒரு செல்போன் சார்ஜரை லைட்டர் ஓட்டையில் சொருகினார். அதில் விளக்கு எரியவில்லை. குனிந்து நீல ஃப்யூஸை அதன் இடத்தில் அழுத்தினார். சார்ஜரில் சின்னதாக ஒரு சிவப்பு விளக்கு எரிந்தது.

"எடு" என்றார் தையற்காரர். எடுத்தார். விளக்கு அணைந்தது.

"போடு." எரிந்தது.

"எடு."

ஐந்தாறு முறை அப்படி நடந்தது. பிறகு தையற்காரர் சார்ஜரைத் தாமே பிடுங்கி, கட்டைவிரலால் அழுத்திச் சொருகிப் பார்த்தார். எரிந்தது. நடுங்கும் கையால் அரைகுறையாகச் சொருகிப் பார்த்தார். அப்போதும் எரிந்தது.

"நான் சரியாத்தான்யா சொருகியிருக்கேன்" என்றார். அவர் டெஸ்டரைத் திட்டவில்லை, சட்டையைப் பிடிக்கவில்லை. "தம்பி, மேல வா. எம் மககிட்ட நீயே சொல்லு. நான் சொன்னா நல்லா இருக்காது" என்றார்.

பள்ளிக்கூடத்துக்குப் பரீட்சை விடுமுறை. மகள் மேசையில் விடைத்தாள்களைத் திருத்திக்கொண்டிருந்தாள். சிவப்புப் பேனாவைக் கையிலேயே வைத்துக்கொண்டு முழுவதையும் கேட்டாள். முகம் மாறவில்லை. முடிந்ததும் கேட்டாள்.

"என்னைக்கு எடுத்தீங்க?"

"ஆஸ்பத்திரி போறதுக்கு ஒம்பது நாள் முன்னாடிம்மா."

"அப்பா அன்னைக்கு வண்டியை எடுக்கவே இல்லையே. யார் கொண்டுவந்தாங்க?"

டெஸ்டர் தையற்காரரைப் பார்த்தார். தையற்காரருக்கு அப்போதுதான் புரிந்தது. "அதெல்லாம் எதுக்கும்மா இப்போ" என்றார்.

"மாமாதானே?"

"ஆமாம்மா" என்றார் டெஸ்டர்.

"எடுத்ததை மாமாகிட்டச் சொன்னீங்களா?"

இதற்கு இல்லை என்று சொன்னால் போதும். ஒரு சொல். மைத்துனரை இழுக்கமாட்டேன் என்றுதான் மெக்கானிக்கிடம் ஒத்துக்கொண்டு வந்திருந்தார். ஆனால் முப்பது வருடமாக, ஊசியை வைத்துப் பார்க்காமல் எதையும் ஆமாம் என்றோ இல்லை என்றோ சொல்லாத வாய் அது. "ஃப்யூஸை எடுத்தது நான்தாம்மா. அவருக்கு இதெல்லாம் என்ன தெரியும்" என்றார்.

"சொன்னீங்களா, இல்லையா?"

"சொன்னேன்."

அவள் பேனாவை மூடினாள். எழுந்து அப்பாவிடம் போய், அந்தக் கட்டைவிரலைத் தன் இரண்டு கைகளுக்குள்ளும் பிடித்துக்கொண்டு அழுதாள். எட்டு மாதத்தில் அவள் அவரைத் தொட்டது அதுதான் முதல் தடவை. டெஸ்டர் கீழே இறங்கி வந்தார். நல்லதுதான் செய்திருக்கிறோம் என்று அன்று சாயங்காலம்வரை நினைத்துக்கொண்டிருந்தார்.

சாயங்காலம் அவள் மாமாவுக்குப் போன் செய்தாள். என்ன பேசினாள் என்பதை மறுநாள் பட்டறைக்கு வந்த மைத்துனரின் முகத்தில் பார்க்க முடிந்தது. சவரம் செய்யாமல், ஆபீசுக்குப் போகாமல், செருப்பு மாறிப் போட்டுக்கொண்டு வந்திருந்தார்.

"நீ எங்கிட்டச் சொன்னியா?"

டெஸ்டர் கையிலிருந்த லாம்பைப் பெஞ்சில் வைத்தார்.

"எனக்கு ஞாபகமே இல்லப்பா. ராத்திரி முழுக்க உட்கார்ந்து யோசிச்சேன். வண்டியைத் தள்ளினது ஞாபகம் இருக்கு. வேர்த்துக் கொட்டினது ஞாபகம் இருக்கு. நீ சொன்னது வரமாட்டேங்குது. எட்டு மாசமா அந்த மனுசன் முன்னாடி உட்கார்ந்து, 'விடுங்க மச்சான், விடுங்க மச்சான்'னு நான் பெரிய மனுசன் மாதிரி..." பெஞ்சின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "எங்க அக்காவை நானேவா? சொல்லுப்பா. நீ சொன்னியா? நல்லா யோசிச்சுச் சொல்லு."

மெக்கானிக் ஒரு ஸ்பானரைத் துடைப்பதுபோல நின்றுகொண்டு டெஸ்டரையே பார்த்தார்.

"இல்லீங்க" என்றார் டெஸ்டர். "சொல்லணும்னு நெனச்சேன். சொல்லலை."

மைத்துனர் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். ஈரமான, சூடான பிடி. "வா. இப்பவே வா. இதை அவங்ககிட்ட வந்து சொல்லு."

மூவரும் போனார்கள். மாடியில் தையற்காரரும் மகளும் இருந்தார்கள். மெக்கானிக் படிப்பக்கம் நின்றுகொண்டார். டெஸ்டர் அறையின் நடுவில் நின்று, தான் நேற்றுச் சொன்னது தவறு, மாமாவிடம் எதையும் சொல்லவில்லை, தன் குற்றத்தைக் குறைத்துக்கொள்ளத்தான் அப்படிச் சொன்னேன் என்றார். மனப்பாடம் செய்ததுபோல வந்தது. பொய் சொல்லிப் பழக்கம் இல்லாதவர். கண்ணை எங்கே வைத்துக்கொள்வது என்று அவருக்குத் தெரியவில்லை.

மகள் அவரைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"நேத்து நான் ரெண்டு தடவை கேட்டேன். சொன்னேன்னு சொன்னீங்க."

"தப்பு பண்ணிட்டேம்மா."

"மாமா வந்து அழுதாரு. அதனால இன்னைக்குச் சொல்லலைங்கறீங்க. அப்படித்தானே?"

"அப்படி இல்லம்மா."

"எங்க அப்பா விரலை ஆட்டிக்கிட்டு உட்கார்ந்திருக்கறதைப் பார்த்தீங்க. பாவமா இருந்துச்சு. அதனால நேத்து வந்து ஒரு ஃப்யூஸ் கதை சொன்னீங்க. அப்படி ஏன் இருக்கக்கூடாது?"

"ஐயோ, அது நெசம்மா! அந்த இடம் காலியா இருந்துச்சு. எங்கண்ணால பார்த்தேன்."

"வேற யார் பார்த்தா?"

மெக்கானிக் பார்க்கவில்லை, அவர் வரும்போது சீட்டைத் தூக்கிப் போட்டுக்கொண்டு டெஸ்டர் மட்டும்தான் உட்கார்ந்திருந்தார், மூடியைத் திறந்து காட்டவேண்டும் என்று இருவருக்குமே தோன்றவில்லை. எடுத்த அன்று கூட இருந்தவருக்கு ஞாபகம் இல்லை. தையற்காரர் பார்த்தது, டெஸ்டரே எடுத்து டெஸ்டரே போட்டுக் காட்டியதை.

"பம்பு வயர்ல டேப் இருக்கும்மா. நான் சுத்தினது. வந்து பாரு."

"டேப் சுத்தினது தெரியும். ஃப்யூஸ் எடுத்தது அதுல தெரியுமா?"

தெரியாது. அதை அவரைவிட நன்றாக அறிந்தவர் அந்த அறையில் யாரும் இல்லை.

"இவன் பொய் சொல்ற ஆள் இல்லம்மா" என்று படிப்பக்கமிருந்து ஆரம்பித்த மெக்கானிக், பாதியில் நிறுத்திக்கொண்டார்.

மைத்துனர் சுவரோரமாக உட்கார்ந்துவிட்டார். அவர் முகத்தில், பார்க்கக் கூசும்படி, ஒரு நம்பிக்கை வந்திருந்தது. அப்படி ஒரு ஃப்யூஸே எடுக்கப்படவில்லை என்றால் எதுவுமே தன்னால் இல்லை. அவர் வாய்திறந்து கேட்கவில்லை. ஆனால் தையற்காரரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தையற்காரரும் அவரைப் பார்த்தார். பிறகு மகளை. பிறகு டெஸ்டரின் அருகில் வந்து, அவருக்கு மட்டும் கேட்கும்படி கேட்டார்.

"முதல்ல சொன்னதுதானே நெசம்?"

"ஆமாண்ணே. சத்தியமா."

"மச்சினன்கிட்டச் சொன்னதும் நெசம்."

டெஸ்டர் தலையை அசைத்தார்.

தையற்காரர் சற்று நேரம் தம் கையையே பார்த்தார். "எம்மேலயே இருக்கட்டும் தம்பி" என்றார். "எனக்குப் பழகிப்போச்சு. அவன் தாங்கமாட்டான்."

"அண்ணே, வேணாம்ணே. நான் எங்க வேணா வந்து..."

"நீ இனிமே எங்க வந்து என்ன சொன்னாலும் எடுபடாது. போ."

பிறகு அவர் திரும்பி, எல்லாருக்கும் கேட்கும் குரலில் பேசினார். "டேய் மாப்பிள்ளை, எழுந்திரு. அந்த ஆளு எனக்காக ஏதோ கட்டிச் சொல்லியிருக்கான். நல்ல எண்ணம்தான், ஒண்ணும் சொல்லக்கூடாது. நான்தான் அன்னைக்கு ஒழுங்காச் சொருகலை. எனக்குத் தெரியாதா?"

மைத்துனர் இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு விம்மினார். மகள் அப்பாவையே பார்த்துக்கொண்டு நின்றாள். நேற்று பிடித்த கையை அவள் இன்று பிடிக்கவில்லை. உள்ளே போய் ஒரு டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து, மாமாவிடம் கொடுத்தாள்.

மெக்கானிக் டெஸ்டரின் முழங்கையைத் தொட்டார். படி குறுகல். ஒருவர் பின் ஒருவராகத்தான் இறங்க முடிந்தது.